யாருடைய தரையில் அரண்மனை?

புனேயை ஒட்டிய பிம்ப்ரியில் சந்த் துக்காராம் நகர் என்ற பெயரில் ஒரு மெட்ரோ நிலையம் இருக்கிறது. அங்கே ஏறி, டிஸ்ட்ரிக்ட் கோர்ட்டில் வண்டி மாறி, நள் ஸ்டாப்பில் இறங்கிக் கொஞ்சம் நடந்தால் லா காலேஜ் சாலையில் திரைப்பட, தொலைக்காட்சிக் கல்லூரி வந்துவிடும். அந்த வளாகம் ஒருகாலத்தில் பிரபாத் பிலிம் கம்பெனி. 1936இல் வெளியான ‘சந்த் துக்காராம்’ படத்துக்காக, அந்த மகானின் ஊரான தேஹு கிராமம் அங்கேதான் உருவானது. நிஜமான தேஹு, பிம்ப்ரிக்கு வடக்கே இந்திராயணிக் கரையில், புனேயிலிருந்து மாட்டுவண்டி கட்டிப் போனாலும் பொழுது சாய்வதற்குள் போய்ச் சேரக்கூடிய தொலைவில் இருந்தது. ஆனாலும் சினிமாவுக்கென்று தனியாக ஒரு தேஹு தேவைப்பட்டது. காமிரா நகர இடம் விட்டு எழுப்பிய தேஹு. வேண்டியபோது ஒரு சுவரைக் கழற்றி ஓரமாக நிறுத்தக்கூடிய தேஹு.

அந்தப் படத்தின் இரண்டு இயக்குநர்களில் ஒருவர் எஸ். ஃபத்தேலால். இன்னொருவர் விஷ்ணுபந்த் தாம்லே. ஃபத்தேலால் அடிப்படையில் பிரபாத்தின் கலை இயக்குநர். அந்தக் கம்பெனியின் பங்காளிகளில் ஒருவரும்கூட. அதாவது செட்டை வரைந்தவர், செட்டின் நடுவே நின்று படத்தை இயக்கியவர், அந்த செட் நின்ற தரையில் பங்கு வைத்திருந்தவர் எல்லாம் ஒரே ஆள். இந்த மூன்றும் ஒரு கலை இயக்குநரிடம் ஒன்றாகச் சேர்ந்திருப்பது அதற்குப் பிறகு அபூர்வமாகிவிட்டது.

கலை இயக்குநர்களைப் பற்றித் தமிழில் வரும் கட்டுரைகள் பெரும்பாலும் பிரம்மாண்டத்தைப் பற்றியே பேசுகின்றன. எத்தனை கோடி, எத்தனை அடி உயரம், எத்தனை தச்சர்கள் என்று. விளம்பரத்துக்கு அது போதும். தொழிலாக எடுத்து, இதில் ஒருவர் நுழைந்து, வளர்ந்து, முதுமை வரை எப்படிப் பிழைக்கிறார் என்று பார்த்தால் வேறு கேள்வி முன்னால் வருகிறது. செட் யாருடைய தரையில் நிற்கிறது? படம் பாதியில் நின்றால் யாருடைய வீட்டில் அடுப்பு அணையும்? தொண்ணூறு ஆண்டுகளில் இந்தத் தொழிலின் கலையை விடவும் இந்தக் கேள்விக்கான பதில்தான் அதிகம் மாறியிருக்கிறது.

கோலாப்பூரிலிருந்து தொடங்க வேண்டும். பாபுராவ் பெயின்டரும் அவருடைய உறவினர் ஆனந்தராவும் நாடகக் கம்பெனிகளுக்குத் திரைச்சீலை வரைந்துகொண்டிருந்தவர்கள். பின்னணியில் ஒரு சீலை, அதில் அரண்மனை, சீலைக்கு முன்னால் ராஜா. ஆரம்பகால சினிமாவும் அப்படித்தான் இருந்தது. பாபுராவ் பெயின்டர் சொந்தமாகவே காமிரா செய்து, மகாராஷ்டிரா பிலிம் கம்பெனியைத் தொடங்கி, 1920இல் ‘சைரந்திரி’ எடுத்தார். தட்டையான சீலைகளுக்குப் பதிலாக ஆழமும் அகலமும் உள்ள செட்டுகளைக் கொண்டுவந்தவர் என்ற பெயர் அவருக்கு உண்டு. நடிகர் ஒரு தூணைச் சுற்றி வரலாம், வாசலைத் தாண்டி உள்ளே போகலாம் என்றானதும் காமிராவும் கூடவே நகர ஆசைப்பட்டது. தாம்லே, ஃபத்தேலால், சாந்தாராம் மூவரும் அவரிடம் வேலை கற்றவர்கள். 1929இல் அவர்கள் பிரிந்து வந்து இன்னும் இருவரைச் சேர்த்துக்கொண்டு தொடங்கியதுதான் பிரபாத். 1933இல் கம்பெனி புனேக்குக் குடிபெயர்ந்தது.

பங்காளிகளில் ஒருவர் மட்டும் பணம் போட்டவர், நகைக்கடைக்காரர். மற்றவர்கள் போட்ட முதல் கைவேலை. இதை அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. கைவேலைக்காரர் முதலாளியாகவும் இருந்தால் செட்டுக்கு எவ்வளவு செலவழிக்கலாம் என்ற பேச்சே வேறு மாதிரி நடக்கும். ‘சந்த் துக்காராம்’ படத்தில் வரும் வீட்டில் தானியம் இருக்கும் மூலையும் மாடு கட்டும் இடமும் கதைக்கு ஏற்ற வறுமையில் இருக்கின்றன. அலங்காரத்தைக் குறைத்துக் காட்ட ஒரு கலை இயக்குநருக்குத் தைரியம் வேண்டும். யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாத நிலையும் வேண்டும். ஃபத்தேலாலுக்கு இரண்டும் இருந்தன. 1937இல் வெனிஸ் திரைப்பட விழாவில் அந்தப் படம் பாராட்டுப் பெற்றது.

தமிழுக்கும் இதில் ஒரு நூல் உண்டு. 1934இல் பிரபாத்தின் ஆதரவில் பாபுராவ் பெந்தார்க்கர் இயக்கத்தில் வந்த ‘சீதா கல்யாணம்’ தமிழ்ப் படம். பாபநாசம் சிவன் சினிமாவுக்குள் வந்தது அதில்தான். ராமனாக நடித்த சிறுவன் எஸ். ராஜம் பிற்காலத்தில் சங்கீத வித்வானாகவும் தேர்ந்த ஓவியராகவும் ஆனார். சென்னையில் பேசும்பட ஸ்டுடியோக்கள் வேர்விடாத காலத்தில், மராத்தியக் கைவினைஞர்கள் எழுப்பிய மிதிலையில் தமிழ்ப் பாட்டு ஒலித்தது. ஹிந்துஸ்தான் ஆன்டிபயாடிக்ஸிலும் டெல்கோவிலும் வேலை தேடித் தமிழர்கள் பிம்ப்ரி, சிஞ்ச்வட் பக்கம் குடியேறுவதற்கு இருபது, முப்பது ஆண்டுகளுக்கு முன்பே தமிழ்ச் சினிமா இந்த மண்ணுக்கு வந்து போயிருக்கிறது.

சென்னையில் ஸ்டுடியோக்கள் எழுந்தபோது மாதிரி மாறியது. 1941இல், தீப்பிடித்து ஏலத்துக்கு வந்த ஒரு ஸ்டுடியோவை எஸ்.எஸ். வாசன் வாங்கி ஜெமினி என்று பெயர் வைத்தார். அங்கே கலை இயக்குநர் சம்பளக்காரர். தச்சுப் பட்டறை, வார்ப்புப் பட்டறை, வர்ணப் பிரிவு, துணிமணி, அரங்கப் பொருள் கிடங்கு எல்லாம் ஸ்டுடியோவின் சொத்து. அவற்றில் வேலை செய்பவர்கள் மாதம் பிறந்தால் கூலி வாங்குபவர்கள். ஏ.கே. சேகர் கலை இயக்கிய ‘சந்திரலேகா’ (1948) இந்த ஏற்பாட்டின் உச்சம். சுமார் 30 லட்சம் ரூபாய் செலவானதாகச் சொல்லப்படும் படம். முரசு நடனத்தில் நூற்றுக்கணக்கானவர்கள் முரசுகளின் மேலேறி ஆடுகிறார்கள். முரசு என்பது அங்கே அலங்காரமும், ஆடுமேடையும், கதையின்படி வீரர்கள் ஒளிந்திருக்கும் பெட்டியும். ஆடுபவரின் எடையைத் தாங்க வேண்டும், உள்ளே ஆள் உட்கார இடம் வேண்டும், வரிசையாக நிற்கும்போது அழகும் கெடக் கூடாது. தச்சரும் நடன ஆசிரியரும் ஒளிப்பதிவாளரும் ஒரே வளாகத்தில் மாதக்கணக்கில் ஒத்திகை பார்க்க முடிந்ததால்தான் அது நடந்தது. இன்றைய ஒப்பந்த முறையில் அப்படி ஒரு காட்சிக்கு அத்தனை மாதம் யாரும் தர மாட்டார்கள்.

விஜயா வாஹினியின் ‘மாயாபஜார்’ (1957) இன்னொரு வகை. மாதவப்பெத்தி கோகலேயும் கலாதரும் கலை இயக்கினார்கள். துவாரகை நகரைப் பெரிதாகக் கட்டாமல் சிறு பொம்மை வீடுகளாக வைத்து, விளக்கேற்றி, மார்கஸ் பார்ட்லியின் காமிரா நகரமாக மாற்றியது. கலை இயக்குநரின் திறமை எதைக் கட்டாமல் விடலாம் என்று தெரிந்திருப்பதிலும் இருக்கிறது. சொல்லப்போனால் தயாரிப்பாளர்களுக்கு மிகவும் பிடித்த திறமை அதுதான்.

ஸ்டுடியோச் சம்பளம் பொற்காலமா? பத்தாண்டுக்கு மேல் ஜெமினியில் வேலை பார்த்த அசோகமித்திரன் எழுதியவற்றைப் படித்தவர்கள் அவ்வளவு எளிதாகச் சொல்ல மாட்டார்கள். அடுக்கதிகாரம் இருந்தது. கீழே இருப்பவரின் பெயர் திரையில் வராது. முதலாளியின் ரசனைக்கு மேல் ரசனை கிடையாது. ஆனால் படம் ஓடாவிட்டால் நஷ்டம் முதலாளியுடையது. தச்சருக்கு முதல் தேதி சம்பளம் வந்துவிடும். ஸ்டுடியோக்கள் தளர்ந்து படத் தயாரிப்பு தனி ஆட்களின் கைக்குப் போனபின் என்ன ஆனது என்பதற்கு அவருடைய ‘கரைந்த நிழல்கள்’ நாவலே போதிய சாட்சி. ஒரு படம் நின்றுபோகிறது, அதில் தொங்கிக்கொண்டிருந்தவர்கள் ஒவ்வொருவராகக் காணாமல் போகிறார்கள்.

இந்த இரண்டு வகையிலும் அடங்காத ஒருவர் பன்சி சந்திரகுப்தா. சத்யஜித் ராயின் கலை இயக்குநர். ழான் ரெனுவார் வங்காளத்தில் ‘தி ரிவர்’ எடுக்க வந்தபோது யூஜின் லூரியே என்ற தேர்ந்த வடிவமைப்பாளரோடு வேலை செய்து பாடம் கற்றவர். செட்டின் மதிப்பு அதன் மீது விழும் வெளிச்சத்தில் இருக்கிறது என்பதை இந்தியாவில் அவரளவுக்குக் காட்டியவர்கள் குறைவு. ‘அபராஜிதோ’வுக்காகக் காசியின் ஒரு வீட்டு முற்றத்தைத் திறந்தவெளியில் கட்டத் திட்டமிட்டிருந்தார்கள். மழைக்காலம் குறுக்கே வந்ததால் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் கட்ட வேண்டியதாயிற்று. கூரைக்குக் கீழே வானத்து வெளிச்சம் எங்கிருந்து வரும்? ஒளிப்பதிவாளர் சுப்ரதோ மித்ரா முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளைக் கீழிருந்து அந்தத் துணியின் மேல் அடித்தார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி, நிழல் கனக்காமல், நான்கு பக்கச் சுவரிலும் சமமாக இறங்கியது. படம் பார்த்த பலர் அந்த முற்றம் காசியில் இருப்பதாகவே நம்பினார்கள். இந்த ஒளி முறையின் புகழ் மித்ராவுக்குப் போவது நியாயம்தான். ஆனால் மேலே துணி கட்ட வழி விட்டு, வெளிச்சத்தை ஏற்கும் சுவர்ப்பூச்சைத் தேர்ந்து முற்றத்தை அமைத்தவர் இல்லாமல் அந்தத் துணி சும்மா தொங்கியிருக்கும். கலை இயக்குநரின் வேலை இன்னொருவரின் வேலைக்குள் மறைந்துபோவது எப்படி என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குத் தெரியவில்லை. பின்னாளில் சந்திரகுப்தா பம்பாய்க்கு வந்து இந்திப் படங்களில் வேலை செய்தார். 1981இல் அமெரிக்காவில் இறந்தார். அவருடைய பெயரைச் சொன்னால் இன்று சினிமா மாணவர்களுக்குக்கூட அடையாளம் சொல்ல வேண்டியிருக்கிறது.

தமிழில் ஒப்பந்தக் காலத்தின் பெரிய பெயர் தோட்டா தரணி. அவருடைய தந்தை தோட்டா வெங்கடேஸ்வர ராவ் கலை இயக்குநர். மகன் சென்னை ஓவியக் கல்லூரியில் படித்தவர். ‘நாயகன்’ படத்துக்கு அவர் தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் கட்டினார். 1987ஆம் ஆண்டுக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. ஒரு குடிசைப் பகுதியைச் செட்டாகப் போடுவது அரண்மனை போடுவதை விடக் கடினம். அரண்மனையை யாரும் பார்த்ததில்லை. குடிசையை எல்லோரும் பார்த்திருக்கிறார்கள். தகரத்தின் துரு எந்த மூலையில் தொடங்கும், சாக்குப் படுதா எந்த உயரத்தில் கறுத்திருக்கும், குழாயடியில் எத்தனை பேர் நிற்க இடம் இருக்கும் என்பதெல்லாம் சரியாக இருந்தாக வேண்டும். முப்பது ஆண்டுகள் கழித்து ‘காலா’வுக்காக (2018) த. ராமலிங்கம் அதே தாராவியை மறுபடி சென்னைக்குப் பக்கத்தில் எழுப்பினார். இரண்டு தாராவிகளையும் அருகருகே வைத்துப் பார்ப்பது பயனுள்ள வேலை. முதலாவதில் மேலிருந்து விழும் ஒளிக்கற்றைகளும் புகையும் ஆளை விழுங்கும் நிழலும் முக்கியம். இரண்டாவதில் சுவரெழுத்தும், கொடிகளின் நிறமும், தெருவில் கூடும் கூட்டத்துக்கான அகலமும் முக்கியம். இடம் ஒன்று, அரசியல் வேறு. அதைச் சுவரில் எழுதிக் காட்டியவர்கள் கலை இயக்குநர்கள்.

பூம்புகார்க்காரரான பி. கிருஷ்ணமூர்த்தியின் பாதை இன்னும் தனியானது. அவரும் சென்னை ஓவியக் கல்லூரிதான். ஜி.வி. ஐயரின் படங்கள் வழியாக வந்து, ‘பாரதி’ (2000) படத்துக்குத் தேசிய விருது பெற்றவர். பிரம்மாண்டம் இல்லாததாலேயே வணிகப் பட உலகம் அவரை அதிகம் கூப்பிடவில்லை என்பது என் எண்ணம். விருதுக்கும் அடுத்த வேலைக்கும் நேரடித் தொடர்பு எதுவும் இந்தத் தொழிலில் இல்லை.

இனி வேலையின் உள்பக்கம். கதை கைக்கு வந்ததும் கலை இயக்குநர் முதலில் போடுவது எஸ்டிமேட். எந்தக் காட்சி நிஜ இடத்தில், எது செட்டில், எது பாதி செட்டும் பாதி கணினியும் என்று பிரிக்க வேண்டும். பிறகு இடம் பார்க்கப் போக வேண்டும், வரைய வேண்டும், சிறு மாதிரி செய்து இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் காட்ட வேண்டும். சவுக்குக் கம்பில் சாரம், எட்டுக்கு நாலு பிளைவுட், தேங்காய் நாரைக் கலந்து ஊற்றிய பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் தூண், அதற்கு மேல் வர்ணம், அதற்கும் மேல் பழசாக்கும் வேலை. புதுச் சுவரை நூறு வருடத்துச் சுவராக்குவது தனிக் கைநேர்த்தி. அதற்கென்றே அறியப்பட்ட பெயின்டர்கள் உண்டு; அவர்களை இழந்தால் கலை இயக்குநரின் பாணியே போய்விடும். படப்பிடிப்பு நாட்களில் உதவியாளர்கள் தயாராக நிற்க வேண்டும்; நடிகர் இடித்த தூணை அடுத்த ஷாட்டுக்குள் ஒட்ட வேண்டும். முடிந்ததும் செட்டைக் கலைத்துத் தரையைக் காலியாகக் கொடுத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் வாடகை ஏறும்.

உதவியாளராகத் தொடங்கியவர் தனியாகப் பெயர் போட்டுக்கொள்ளப் பத்தாண்டு ஆவது சாதாரணம். அந்தப் பத்தாண்டில் அவர் வரையக் கற்றதை விட மனிதர்களைக் கட்டி மேய்க்கக் கற்றதே அதிகம் இருக்கும். அதன் பிறகும் வருமானம் படத்துக்குப் படம்தான். சிலர் சம்பளம் மட்டும் பேசிக்கொள்வார்கள், பொருள் செலவு தயாரிப்பாளர் கணக்கு. சிலர் செட்டையே மொத்தத் தொகைக்கு எடுத்துக்கொள்வார்கள். இரண்டாவது முறையில் கலை இயக்குநர் பாதிக் கட்டட ஒப்பந்தக்காரர் ஆகிவிடுகிறார். மரம் விலை ஏறினாலும், மழையில் செட் நனைந்தாலும், நாயகனின் தேதி தள்ளிப் போனாலும் நஷ்டம் அவருக்கு. ஸ்டுடியோ முதலாளி ஒருகாலத்தில் சுமந்த ஆபத்து இப்படித்தான் ஓசையில்லாமல் கலைஞனின் தோளுக்கு மாறியது.

உடல் சார்ந்த ஆபத்தும் சிறிதல்ல. 1989 பிப்ரவரியில் மைசூர் பிரீமியர் ஸ்டுடியோவில் ‘திப்பு சுல்தானின் வாள்’ தொடரின் செட் தீப்பிடித்து 62 பேர் இறந்தார்கள். எளிதில் பற்றும் பொருட்களால் கட்டி, உள்ளே நூற்றுக்கணக்கானவர்களை நிறுத்தி, பக்கத்திலேயே சூடான விளக்குகளை வைப்பது என்ற வழக்கம் அதற்குப் பிறகும் பல இடங்களில் முழுமையாக மாறவில்லை. 2023 அக்டோபரில் தமிழ்க் கலை இயக்குநர் மிலன், அஜர்பைஜானில் படப்பிடிப்புக்குப் போன இடத்தில் மாரடைப்பால் இறந்தார். கலை இயக்குநர் சாபு சிரிலிடம் பயின்று வந்தவர்.

சட்டம் இவர்களை எங்கே வைத்திருக்கிறது? 2012இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டபோது, படத்தில் இடம்பெறும் பாட்டையும் இசையையும் எழுதியவர்களுக்கு, திரையரங்குக்கு வெளியே அவை பயன்படும்போது ராயல்டியில் பங்கு உண்டு, அதை அவர்கள் எழுதிக் கொடுத்தாலும் விட்டுக்கொடுக்க முடியாது என்று ஆனது. ஓவியம், வரைபடம் போன்ற கலைப் படைப்புகளுக்கும் சட்டம் பொதுவாக உரிமை தருகிறது. ஆனால் விட்டுக்கொடுக்க முடியாத பங்கு என்ற அந்தக் கவசம் இலக்கிய, இசைப் படைப்புகளுக்கு மட்டுமே கிடைத்தது. ஒரு பாட்டு ஐம்பது வருடம் கழித்து வானொலியில் ஒலித்தால் பாடலாசிரியர் குடும்பத்துக்குக் காசு வரும். அந்தப் பாட்டு படமான கண்ணாடி மாளிகையை வரைந்தவர் குடும்பத்துக்கு வராது. பாடலாசிரியர்களும் இசையமைப்பாளர்களும் போராடிப் பெற்றதைக் குறை சொல்லவில்லை. கலை இயக்குநர்கள் அந்தச் சண்டையில் இல்லவே இல்லை என்பதுதான் வியப்பு.

இந்தப் பின்னணியில்தான் நிதின் சந்திரகாந்த் தேசாயைப் பார்க்க வேண்டும். பிம்ப்ரியிலிருந்து பழைய மும்பை சாலையில் லோணாவளா தாண்டிக் கண்டாலா மலைச்சரிவில் இறங்கி கோப்போலி வழியாகப் போனால் கர்ஜத் வரும். அங்கே 2005இல் நாற்பது ஏக்கருக்கு மேல் பரந்த நிலத்தில் தம் பெயரில் ஒரு ஸ்டுடியோவைத் தொடங்கினார். நிதீஷ் ராயிடம் ‘தமஸ்’ தொடரில் வேலை கற்றவர். ‘1942 எ லவ் ஸ்டோரி’, ‘லகான்’, ‘தேவ்தாஸ்’ என்று பெயர் எடுத்து, நான்கு தேசிய விருதுகள் வாங்கியவர். லகானுக்கு அவர் கட்சில் பூஜுக்கு அருகே ஒரு முழுக் கிராமத்தையே மண்ணும் சாணியுமாகக் கட்டினார். ‘ஜோதா அக்பர்’ கோட்டை அவருடைய சொந்த ஸ்டுடியோவிலேயே எழுந்தது. உடைக்க வேண்டாம், வாடகைக்கு விடலாம், பார்வையாளர்களுக்குக் காட்டலாம். செட் போடுகிறவனே தரைக்கும் சொந்தக்காரன் ஆவது என்ற ஃபத்தேலாலின் நிலையை, கடன் வாங்கி அவர் மறுபடி அடைய முயன்றார் என்றே நான் அதைப் படிக்கிறேன்.

கணக்கு ஒத்துவரவில்லை. 252 கோடி ரூபாய் கடன் பாக்கி என்று வழக்காகி, 2023 ஜூலையில் தேசிய நிறுவனச் சட்டத் தீர்ப்பாயம் அவருடைய கம்பெனியைத் திவால் நடவடிக்கைக்கு எடுத்துக்கொண்டது. ஆகஸ்ட் 2ஆம் தேதி அவர் அந்த ஸ்டுடியோவிலேயே உயிரை மாய்த்துக்கொண்டார். பல ஆண்டுகளாக லால்பாக் ராஜா கணபதி பந்தலை வடிவமைத்து வந்தவரும் அவர்தான். அந்த ஆண்டு கணபதி வர ஒன்றரை மாதமே இருந்தது. இன்று அந்த ஸ்டுடியோ மாநில அரசின் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தின் பொறுப்பில் இருக்கிறது.

இதற்கு மறுமுனையில் அவருடைய ஆசான் நிதீஷ் ராய். ஹைதராபாத் ராமோஜி திரைநகரத்தை வடிவமைத்தவர் அவர். தரை ராமோஜி ராவுடையதாக இருந்தது. பத்திரிகை, தொலைக்காட்சி, சிட்பண்ட் என்று வேறு வருமானங்கள் உள்ள ஒரு குழுமம் அதைத் தாங்கியது. சாபு சிரில் அங்கே ‘பாகுபலி’க்காக எழுப்பிய செட்டைப் படம் முடிந்து பல ஆண்டுகளாகியும் மக்கள் டிக்கெட் வாங்கிப் பார்க்கிறார்கள். செட் நிற்பதற்கு அதை வரைந்தவரின் பெருமையை விட நிலத்துக்காரரின் கையிருப்பு உதவுகிறது என்பது கசப்பாக இருந்தாலும் உண்மை.

வால்பாறையில் பிறந்து சென்னை ஓவியக் கல்லூரியில் படித்த சாபு சிரில், சொந்தத் தரை என்ற ஆசைக்குப் போகாமல் ஒவ்வொரு படத்திலும் தம் விலையை உயர்த்திக்கொண்ட வகை. ‘தேன்மாவின் கொம்பத்து’, ‘காலாபானி’, ‘ஓம் சாந்தி ஓம்’, ‘எந்திரன்’ என்று நான்கு தேசிய விருதுகள். அவருடைய வேலைகளில் எனக்குப் பிடித்தது பெரிய செட் எதுவும் இல்லை. ‘அந்நியன்’ பாட்டு ஒன்றுக்காகத் தென்காசிப் பக்கம் சுந்தரபாண்டியபுரத்தில் தெருவையும் வீடுகளையும் பாறையையும் வர்ணத்தில் குளிப்பாட்டினாரே, அதுதான். ஒரு சுவர்கூட எழுப்பாமல் ஊரையே செட்டாக்கிய அந்த வேலையில் பிளைவுட் மிச்சம், துணிச்சல் அதிகம்.

பெண்கள் இந்தத் தொழிலில் நுழைந்தது மெதுவாகத்தான். இரவு முழுக்க ஃப்ளோரில் நிற்பதும், நூறு ஆண் தொழிலாளர்களை வேலை வாங்குவதும் பெண்ணுக்கு ஆகாது என்ற பேச்சு தடையாக இருந்தது. கலை இயக்குநர் சுதேந்து ராயின் மகள் சர்மிஷ்டா ராய் 1990களில் ‘தில் தோ பாகல் ஹை’, ‘குச் குச் ஹோதா ஹை’ போன்ற படங்களின் செட்டுகளை அமைத்து அந்தத் தடையை உடைத்தார். அப்பா பெயர் கதவைத் திறந்தது என்பதும் கூடவே சொல்ல வேண்டியது, தரணிக்கும் அப்படித்தான். குடும்பம் இல்லாதவருக்குக் கல்லூரி வேண்டும்.

அந்தக் கல்லூரி புனேயில் இருக்கிறது. பிரபாத்தின் தரையில் 1960இல் அரசு தொடங்கிய திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கமும் தயாரிப்பு வடிவமைப்பும் தனிப் பட்டயப் படிப்பு. ஓவியம், சிற்பம், கட்டடக்கலை, உள்ளலங்காரம் போன்ற துறைகளில் பட்டம் பெற்றவர்கள் சேரலாம். பக்கத்திலேயே 1964இல் தொடங்கிய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம். ஆவணக் காப்பகம் படச்சுருளைக் காக்கும்; செட் வரைபடங்களும் மாதிரிகளும் பெரும்பாலும் தயாரிப்பு அலுவலகங்களோடு சேர்ந்தே அழிந்துபோயின. ஒரு துறையின் பாடப்புத்தகம் இப்படிக் குப்பைக்குப் போனால் ஒவ்வொரு தலைமுறையும் ஆரம்பத்திலிருந்து கற்க வேண்டியதுதான்.

கல்லூரிக்கு வெளியே புனேயில் இன்னொரு பள்ளிக்கூடம் உண்டு. அது கணபதி மண்டல்கள். தகடுசேட் ஹல்வாய் கணபதிக்கு ஆண்டுதோறும் ஏதாவது ஒரு கோயிலின் வடிவில் பெரிய அரங்கம் எழும். குறித்த நாளுக்குள் முடித்தாக வேண்டும், லட்சக்கணக்கானவர்கள் பார்ப்பார்கள், பத்து நாளில் பிரித்தாக வேண்டும். சினிமா செட்டின் எல்லா நிபந்தனைகளும் அதில் இருக்கின்றன, ஒத்திகையும் இல்லை, ரீடேக்கும் இல்லை. சினிமா வேலை இல்லாத மாதங்களில் தச்சர்களுக்கும் வார்ப்புக்காரர்களுக்கும் கல்யாண மண்டபமும் கண்காட்சியும் கணபதியும்தான் சோறு போடுகின்றன. எங்கள் பிம்ப்ரிக்கு அடுத்த போசரி தொழிற்பேட்டையில் கார் உதிரிப் பாகத்துக்காக ஃபைபர் வார்ப்பதும், கணினி வழிகாட்டத் தகடு வெட்டுவதும் தெருவுக்குத் தெரு நடக்கிறது. பிளைவுட்டும் பிளாஸ்டரும் விட்டு ஃபைபருக்கும் இரும்புக் குழாய்க்கும் செட் வேலை நகர்ந்த பிறகு, பட்டறைக்கும் சினிமாவுக்கும் இடையே இருந்த தூரம் குறைந்திருக்கிறது. தச்சர் செதுக்கிய பூவேலையை இயந்திரம் நிமிடங்களில் வெட்டித் தள்ளுகிறது. வேகம் கூடியது, பழசாக்கும் பெயின்டரின் கைக்கு மட்டும் இன்னும் மாற்று வரவில்லை.

கணினி வந்து கலை இயக்குநரின் வேலையைப் பறித்துவிடும் என்று இருபது ஆண்டுகளாகச் சொல்கிறார்கள். நடந்தது வேறு. நடிகர் தொடும் உயரம் வரை பிளைவுட், அதற்கு மேல் கணினி என்று கோடு ஒன்று விழுந்திருக்கிறது. அந்தக் கோட்டை எங்கே போடுவது என்பதே இன்று வடிவமைப்பாளரின் முதல் முடிவு. அதற்கு அவர் படப்பிடிப்புக்கு நெடுநாள் முன்பே வந்து, காட்சி முழுவதையும் முப்பரிமாணத்தில் வரைந்து கொடுக்க வேண்டியிருக்கிறது. ஹாலிவுட்டில் 1939இல் ‘கான் வித் த விண்ட்’ படத்தில் வில்லியம் கேமரன் மென்சிஸுக்குக் கிடைத்த அதிகாரம், அதாவது ஒவ்வொரு காட்சியின் நிறத்தையும் அமைப்பையும் முன்கூட்டியே வரைந்து தீர்மானிக்கும் அதிகாரம், இங்கே எண்பது ஆண்டுகள் கழித்துக் கணினியின் புண்ணியத்தில் கிடைக்கத் தொடங்கியிருக்கிறது. அதே சமயம் அந்த முன்வேலைக்குத் தனிக் கூலி பேசும் வழக்கம் இன்னும் கெட்டிப்படவில்லை. படம் தொடங்காமலே நின்றால் மாதக்கணக்கில் வரைந்தது வரைந்ததுதான்.

இன்னொரு மாற்றம் இன்னும் யாரும் அதிகம் பேசாதது. பிளைவுட் அரண்மனையை உடைத்துவிடுவார்கள். கணினிக் கோப்பில் இருக்கும் அரண்மனையை யாரும் உடைப்பதில்லை. இரண்டாம் பாகத்துக்கும், தொலைக்காட்சித் தொடருக்கும், கைப்பேசி விளையாட்டுக்கும் அதே கோப்பு மறுபடி மறுபடி போகலாம். ஃபத்தேலால் காலத்தில் தரை எது என்று காலால் மிதித்துச் சொல்லிவிட முடிந்தது. இன்றைய தரை ஒரு நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது. அதில் தம் அரண்மனை ஒவ்வொரு முறை வாடகைக்குப் போகும்போதும் வரைந்தவருக்கு ஏதாவது வருமா என்பதை, சட்டம் கைவிட்ட இடத்தில், ஒப்பந்தத்தின் ஒரு பத்திதான் தீர்மானிக்க வேண்டியிருக்கிறது.